ஹீரோயின் ஆகலைன்னா என்ன? பள்ளத்தூர் பாப்பா 'ஆச்சி' ஆன கதை!

ஒரு சின்ன டெஸ்ட். 'தில்லானா மோகனாம்பாள்' பத்தி உங்க வீட்டுப் பெரியவங்ககிட்ட ஒரு நிமிஷம் பேச்சுக் கொடுத்துப் பாருங்க. சிவாஜி, பத்மினின்னு ரெண்டு பேரைச் சொல்லி முடிச்சதும், அடுத்து அவங்க வாயிலிருந்து வர்ற பேர் பெரும்பாலும் 'ஜில் ஜில் ரமாமணி'யாத்தான் இருக்கும். அதைச் சொல்லும்போதே முகத்துல ஒரு சிரிப்பும் வந்துடும்.

படம் வந்தது 1968-ல். கதைக்கு நாயகி அவர் இல்லை. போஸ்டர்ல பெரிய முகமும் அவருடையது இல்லை. படம் நல்லா ஓடினதுக்கு அப்புறம்தான் அவர் வர்றார். வந்து, பேசி, ஆடி, சிரிக்கவெச்சு, கொஞ்சம் கலங்கவும் வெச்சுட்டுப் போறார். அரை நூற்றாண்டு தாண்டியும் அந்தப் பேர் நிக்குது. இதைத்தான் சினிமாவுல 'குணச்சித்திரம்'னு சொல்றாங்க. கதையைத் தூக்கிச் சுமக்கிறது அவங்க வேலை இல்லை. கதைக்குள்ள ஒரு நிஜமான ஆளா வாழ்ந்துட்டுப் போறதுதான் வேலை.

மனோரமாவை உங்கள்ல பலருக்கு 'இம்சை அரசன் 23-ம் புலிகேசி'யோட ராஜமாதாவாத் தெரியும். 'அருந்ததி'யில வர்ற சந்திரம்மா பாட்டியாத் தெரியும். மீம் டெம்ப்ளேட்டா இன்னும் நல்லாத் தெரியும். ஆனா, இந்தப் பாட்டி முகத்துக்குப் பின்னாடி 55 வருஷ உழைப்பு இருக்கு. அந்த உழைப்பு தொடங்கின இடம் நம்ம திருமயத்துக்குக் கூப்பிடு தூரம்.

திருமயத்திலிருந்து பஸ் ஏறினா...

புதுக்கோட்டையிலிருந்து காரைக்குடி போற ரோட்டுல கோட்டையும் குன்றுமாத் திருமயம். ரோட்டோரத்துல கோட்டை பைரவருக்கு ஒரு கும்பிடு போட்டுட்டுத்தான் வண்டிக்காரங்க நகருவாங்க. அதைத் தாண்டி தெற்கே போனா செட்டிநாட்டு வீடுகள் தென்பட ஆரம்பிச்சுடும். கோனாபட்டு, ராயவரம்னு நகரத்தார் ஊர்கள் திருமயம் தாலுகாவுக்குள்ளேயே இருக்கு. கானாடுகாத்தான் பக்கம் ஒதுங்கினா பள்ளத்தூர். இப்போ அது சிவகங்கை மாவட்டம். அப்போ ராமநாதபுரம் மாவட்டம். திருமயம் அன்னிக்குப் புதுக்கோட்டை சமஸ்தானத்தோட தாலுகா. மேப்புல ரெண்டும் வேற வேற ராஜ்ஜியம். பேச்சுலயும் சாப்பாட்டுலயும் திருவிழாவுலயும் ஒரே பூமிதான்.

மனோரமா பிறந்தது மன்னார்குடியில், 1937 மே 26. பேர் கோபிசாந்தா. அப்பா இரண்டாம் கல்யாணம் பண்ணிக்கிட்டு அம்மாவைக் கைவிட்டுட்டார். கைக்குழந்தையோட அம்மா வந்து சேர்ந்த ஊர் பள்ளத்தூர். அங்கே வீட்டு வேலை பார்த்துத்தான் பிள்ளையை வளர்த்தாங்க. அம்மாவுக்கு உடம்புக்கு முடியாமப் போனதும் கோபிசாந்தாவோட பள்ளிக்கூடமும் நின்னுபோச்சு. அந்தச் சின்ன வயசுலேயே அவரும் வீட்டு வேலைக்குப் போனார்.

இந்த இடத்துல ஒரு விஷயம் சொல்லணும். அதே வருஷங்கள்லதான், காரைக்குடிக்குப் பக்கத்துல தேவகோட்டை ரஸ்தாவில் கொட்டகை போட்டு ஏ.வி.மெய்யப்பன் படம் எடுத்துக்கிட்டு இருந்தார். 1947-ல் வந்த 'நாம் இருவர்' அங்கே உருவானதுதான். சினிமா அவ்வளவு பக்கத்துல இருந்துச்சு. ஆனா, பள்ளத்தூர்ல வீட்டு வேலை பார்த்த சிறுமிக்கு அந்தக் கதவு திறக்கலை. அவருக்குத் திறந்தது நாடகக் கொட்டகை. (பின்னாடி 1986-ல் அதே ஏ.வி.எம். தயாரிச்ச படத்துல, வீட்டு வேலைக்காரப் பெண்ணா நடிச்சு தியேட்டரையே அலறவிட்டார். அந்தக் கதைக்கு அப்புறம் வரேன்.)

பள்ளத்தூருக்கு 'அந்தமான் காதலி' நாடகம் போட ஒரு குழு வந்தது. அதுல ஒரு வேஷத்துக்கு இருந்தவருக்குப் பாட வரலை. ஊர்ல நல்லாப் பாடுற பொண்ணு யாருன்னு தேடினப்போ கிடைச்சவர் பன்னிரண்டு வயசு கோபிசாந்தா. அந்த நாடகத்தோட இயக்குநர் திருவேங்கடமும் ஆர்மோனியக் கலைஞர் தியாகராஜனும் வெச்ச பேர்தான் மனோரமா. ஊர் வெச்ச பேர் 'பள்ளத்தூர் பாப்பா'.

மேடைதான் காலேஜ்

திருமயம் பக்கத்துக் கோயில் திருவிழாவுல நீங்க 'வள்ளி திருமணம்' பார்த்திருப்பீங்க. குறைஞ்சபட்சம் ராத்திரி தூங்கவிடாம மைக் செட்டுலயாவது கேட்டிருப்பீங்க! அதுக்கு 'ஸ்பெஷல் நாடகம்'னு பேர். ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் ஒரு ஊர், பபூன் ஒரு ஊர், டான்ஸ் ஒரு ஊர். தனித்தனியா அட்வான்ஸ் வாங்கிக்கிட்டு, சாயங்காலம் பஸ் பிடிச்சு வந்து இறங்குவாங்க. ஒத்திகை கிடையாது. மேடையிலதான் ஒருத்தரை ஒருத்தர் சந்திக்கிறதே. ராத்திரி பத்து மணிவாக்குல பபூன் வந்து தொடங்கி வைப்பார். அப்புறம் டான்ஸ் வருவாங்க. எதிர்ல இருக்கிறவர் என்ன கேட்பார்னு தெரியாது. கேட்ட அடுத்த நொடி பதில் போகணும். கூட்டம் எழுந்து போயிடக்கூடாது.

ஜில் ஜில் ரமாமணி யாருன்னா, இந்த மாதிரி கொட்டகையிலிருந்து எழுந்து வந்த பெண்தான். மினுக்கல் புடவை, துடுக்குப் பேச்சு, பெரிய வித்வானைப் பார்த்ததும் குழந்தை மாதிரி வர்ற ஆச்சர்யம், அதுக்கு அடியில தன்னை யாரும் மதிக்க மாட்டாங்கன்னு தெரிஞ்ச ஒரு வலி. கொத்தமங்கலம் சுப்பு 'ஆனந்த விகட'னில் தொடராக எழுதின கதையை ஏ.பி.நாகராஜன் படமாக்கினப்போ, அந்த வேஷம் மனோரமாவுக்குப் போனது அதிர்ஷ்டம்னு எனக்குத் தோணலை. அந்த வாழ்க்கையை உள்ளேயிருந்து பார்த்த ஒருத்தர் நடிச்சதால்தான், அது வெறும் காமெடியா முடிஞ்சு போகலை. சிவாஜியோட நாதஸ்வரத்தைப் பத்தி அவர் வெகுளியா ஒரு சந்தேகம் கேட்பார் பாருங்க... சிரிப்பு வரும். கூடவே, அந்தப் பெண்ணைக் கேலி பண்ணணும்னு நமக்குத் தோணவே தோணாது. நடிப்புல ரொம்பக் கஷ்டமான கோடு அது.

நாடகக்காரப் பெண்களை ஊர் எப்படிப் பார்த்துச்சுன்னு உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. இன்னிக்கும் பெருசா மாறிடலை. திருமயத்துல 1887-ல் பிறந்த சத்தியமூர்த்தி நினைவுக்கு வர்றார். காமராஜரின் அரசியல் குருன்னு நாம படிச்ச அதே சத்தியமூர்த்திதான். அவர் தானே மேடையேறி நடிச்சவர். நாடகக் கலைஞர்களை மதிச்சு, கே.பி.சுந்தராம்பாளைக் காங்கிரஸ் பிரசார மேடைக்குக் கொண்டுவந்தவர். மத்த தலைவர்கள் பலரும் கூத்தாடிகள்னு ஒதுக்கின காலம் அது. (திருமயத்துக்காரங்க கோட்டையைக் காட்டுற அளவுக்கு இதையும் சொல்லிக் காட்டலாம்!)

மனோரமா, வைரம் நாடக சபா, எஸ்.எஸ்.ராஜேந்திரன் நாடக மன்றம்னு ஊர் ஊராப் போனார். கலைஞர் எழுதின 'மணிமகுடம்' அவருக்குப் பேர் வாங்கித் தந்தது. அண்ணாவோடும் கலைஞரோடும் மேடையில நடிச்சார். பின்னாடி எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி.ராமராவ்னு மூணு பேரோட சினிமாவில் நடிச்சார். ஆக, அஞ்சு முதலமைச்சர்களோட நடிச்சவர். இது வினாடி வினாவுல அடிக்கடி வர்ற தகவல். அதைவிட முக்கியம், ஒரு வரியை எத்தனை விதமாச் சொல்லலாம், கைதட்டல் எந்த நொடியில அடங்கும், அடுத்த வசனத்தை எப்போ விடணும்னு அவருக்குச் சொல்லிக் கொடுத்தது இந்த மேடைகள்தான் என்பது.

கண்ணதாசன் போட்ட கணக்கு

முதல் படம் 1958-ல், கண்ணதாசன் தயாரிச்ச 'மாலையிட்ட மங்கை'. கிடைச்சது காமெடி வேஷம். நாடகத்துல கதாநாயகியா நின்னவருக்கு இது கொஞ்சம் இறக்கமாத்தான் பட்டிருக்கும். கதாநாயகின்னா சில வருஷத்துல அனுப்பிடுவாங்க, சிரிக்கவெச்சா கடைசிவரைக்கும் நிக்கலாம்னு கவிஞர் தனக்குப் புரியவெச்சதா பின்னாடி பேட்டிகள்ல மனோரமா சொல்லியிருக்கார். 1963-ல் மாடர்ன் தியேட்டர்ஸ் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாவும் ஆனார். ஆனா, அந்தப் பாதையில அவர் தொடரலை.

அந்தக் கணக்கு எப்படி வேலை செஞ்சதுன்னு பார்ப்போம். ஒரு ஹீரோயின் ஒரு படத்துக்கு மாசக்கணக்குல கால்ஷீட் கொடுக்கணும். குணச்சித்திர நடிகைக்குச் சில நாள் போதும். அதனால ஒரே நேரத்துல பல படம் ஓடும். ஒரு படம் படுத்தாலும் பழி அவங்க மேல விழாது. கல்யாணம் ஆச்சா, வயசாச்சான்னு யாரும் கணக்குப் பார்க்க மாட்டாங்க. 1985-ல் ஆயிரம் படங்களைத் தாண்டினதுக்காக கின்னஸ் புத்தகத்துல மனோரமா பேர் ஏறிச்சு. 27 வருஷத்துல ஆயிரம். வகுத்துப் பாருங்க, வருஷத்துக்கு 37 படம். மாசத்துக்கு மூணு! கடைசியில எண்ணிக்கை 1,500-ஐத் தாண்டிச்சு.

இன்னொரு பக்கமும் இருக்கு. மாசத்துக்கு மூணு படம்னா, காலையில ஒரு ஸ்டூடியோ, மத்தியானம் இன்னொண்ணு. காலையில வேலைக்காரி, மத்தியானம் பண்ணையார் சம்சாரம். முழுக்கதையையும் யாரும் உட்கார்ந்து சொல்ல மாட்டாங்க. சீன் பேப்பர் கையில வரும், மேக்கப் போட்டு முடிக்கிறதுக்குள்ள ஆள் தயாராகணும். ஒத்திகை இல்லாத ஸ்பெஷல் நாடகத்துக்கும் இதுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. பஸ்ஸுக்குப் பதிலா கார், அவ்வளவுதான்.

இதுல அவருடைய பெரிய ஆயுதம், காது. பேச்சுவழக்கை அவர் பிடிச்ச மாதிரி தமிழ் சினிமாவுல பிடிச்சவங்க கொஞ்சம் பேர்தான். 'அனுபவி ராஜா அனுபவி'யில (1967) நாகேஷோட சேர்ந்து தூத்துக்குடிப் பேச்சு. அடுத்த வருஷமே 'பொம்மலாட்ட'த்துல மெட்ராஸ் பாஷை. அந்தப் பாட்டைச் சொந்தக் குரல்லேயே பாடினார். மெட்ராஸ் பாஷையில ஒரு பெண் குரல் அவ்வளவு தெனாவெட்டா ஒலிச்சது அன்னிக்குப் புதுசு. 'சின்ன கவுண்ட'ரில் முன்பல் நீட்டிக்கிட்டு கொங்குப் பக்கத்து ஆத்தா. இத்தனைக்கும் நடுவுல, அவர் சாதாரணமாப் பேசும்போது வர்றது செட்டிநாட்டுப் பேச்சு. அதனால ஒட்டிக்கிட்டதுதான் 'ஆச்சி'. நகரத்தார் வீடுகள்ல பெண்களை மரியாதையாக் கூப்பிடுற சொல் அது. எந்த ஊர்ல வீட்டு வேலை பார்த்தாரோ, அந்த ஊர் வீட்டுக்காரம்மாக்களைக் கூப்பிடுற சொல்லாலேயே தமிழ்நாடு மொத்தமும் அவரைக் கூப்பிட்டுச்சு.

இப்போ 1986-க்கு வரேன். 'சம்சாரம் அது மின்சாரம்'. விசுவோட படம். அதுல மனோரமா, வீட்டு வேலை செய்யும் கண்ணம்மா. ரெண்டு குடும்பத்துப் பெரிய மனுஷங்க சண்டையில மாட்டிக்கிட்டு நிக்கும்போது, கண்ணம்மா நடுவுல புகுந்து கிஷ்மூவை ஒரு வழி பண்ணிடுவார். யூடியூப்ல இன்னிக்கும் பார்த்துச் சிரிக்கலாம். அதுல கவனிக்க வேண்டியது கையும் இடுப்பும். வேலை செஞ்சு பழகின உடம்பு நிக்கிற விதம் அது. நான் அந்த சீனைப் பலமுறை பார்த்துட்டேன். ஒரு தடவைகூட அவர் 'நடிகை'யாத் தெரிஞ்சதில்லை.

விருதுக்கே பிரிவு இல்லாத காலம்

சரி, இவ்வளவு பெரிய நடிகைக்கு எத்தனை தேசிய விருது? ஒண்ணே ஒண்ணு. பார்த்திபன் முதன்முதலா இயக்கின 'புதிய பாதை'க்காக, 1989-ம் வருஷப் படங்களுக்கான சிறந்த துணை நடிகை விருது. 2002-ல் பத்மஸ்ரீ.

ஏன் ஒண்ணே ஒண்ணு? ஒரு காரணம் ரொம்பச் சாதாரணமானது. தேசிய விருதுல 'துணை நடிகை'ங்கிற பிரிவே 1984-ம் வருஷப் படங்களுக்குத்தான் முதன்முதலாக் கொடுக்கப்பட்டது. ஜில் ஜில் ரமாமணி 1968. அந்த நடிப்பைப் பாராட்டணும்னு யாராவது நினைச்சிருந்தாலும், போடுறதுக்குப் பெட்டி இல்லை. ஹாலிவுட்டுல ஆஸ்கர்காரங்க 1936-ம் வருஷப் படங்களிலிருந்தே துணை நடிப்புக்குத் தனி விருது கொடுத்துட்டு வர்றாங்க. ஜூடி டென்ச் 'ஷேக்ஸ்பியர் இன் லவ்' படத்துல எட்டு நிமிஷம் வாக்கில்தான் திரையில இருப்பார். ஆஸ்கர் வாங்கினார். எவ்வளவு நேரம் நிக்கிறோம்ங்கிறது அங்கே பிரச்னை இல்லை.

'துணை'ங்கிற சொல்லே எனக்குக் கொஞ்சம் உறுத்துது. நம்ம ஊர்ல 'துணை நடிகை'ன்னா கூட்டத்துல நிக்கிறவங்கன்னு அர்த்தம் பண்ணிக்கிறாங்க. அதுல ஒரு இளக்காரமும் சேர்ந்துக்குது. 'குணச்சித்திரம்' எவ்வளவோ மேல்.

ஆனா, எல்லாப் பழியையும் விருதுக் கமிட்டி மேல போட முடியாது. 1990-கள்ல மனோரமாவைத் தமிழ் சினிமா என்ன பண்ணுச்சு? அம்மா ஆக்குச்சு. 'சின்னத் தம்பி'யில (1991) பிரபுவோட அம்மா மாதிரி சில வேஷங்கள் மனசுல நிக்குது, மறுக்கலை. ஆனா, மகனுக்காக அழுற, அடி வாங்குற அம்மாவா வரிசையா வந்தப்போ, நாட்டிலேயே மிகச் சிறந்த ஒரு நகைச்சுவை நடிகையோட கையைக் கட்டிப்போட்ட மாதிரிதான் இருந்துச்சு. விதிவிலக்கு, 'நடிகன்' (1990). கிழவன் வேஷம் போட்ட சத்யராஜை நிஜமாவே காதலிக்கிற பேபி அம்மா. ஐம்பதைத் தாண்டின ஒரு பெண்ணுக்கு வெட்கம் வர்றதை வெச்சே காமெடி. அந்த மாதிரி இன்னும் பத்துப் படம் யாராவது எழுதியிருக்கலாம்.

எழுதியிருந்தா என்ன ஆகியிருக்கும்ங்கிறதுக்குப் பிரிட்டன்ல ஒரு உதாரணம் இருக்கு. ஜோன் ஹிக்சன். 1906-ல் பிறந்தவர். நாடகம், சினிமா, டி.வி.ன்னு பல பத்தாண்டுகள் வேலைக்காரம்மா, பக்கத்து வீட்டம்மா, வாடகை வீட்டுக்காரம்மான்னு சின்னச் சின்ன வேஷம். நம்ம ஊர்க் கணக்குல அவரும் 'துணை'தான். 1940-கள்ல ஒரு நாடகத்துல அவரைப் பார்த்த எழுத்தாளர் அகதா கிறிஸ்டி, தான் படைச்ச துப்பறியும் பாட்டி மிஸ் மார்ப்பிளா நீங்க ஒருநாள் நடிக்கணும்னு கடிதம் எழுதினார். அந்த ஒருநாள் வந்தது 1984-ல். பி.பி.சி. தொலைக்காட்சித் தொடர். அப்போ ஹிக்சனுக்கு 78 வயசு. 1992 வரைக்கும், பன்னிரண்டு மார்ப்பிள் நாவல்களுக்கும் அவர்தான் நாயகி.

மனோரமா 2015 அக்டோபர் 10-ம் தேதி சென்னையில் காலமானார். அவருக்கும் 78 வயசு.

ஹிக்சனுக்குத் திறமை கூடன்னு சொல்ல முடியாது. டி.வி.க்காரங்களுக்கு ஒரு வயசான பெண்ணை நடுவுல உட்காரவெச்சுக் கதை சொல்லத் தோணுச்சு, அதான் வித்தியாசம். 'ஹாரி பாட்டர்' பேராசிரியையாத் தெரிஞ்ச மேகி ஸ்மித், எழுபதுகளின் நடுவுல இருந்தப்போதான் 'டவுன்டன் ஆபி' தொடரோட பாட்டியா உலகம் முழுக்கப் பேசப்பட்டார். நம்ம ஊர்லயும் கதவு மூடியே கிடக்கலை. 'தென்மேற்குப் பருவக்காற்று' அம்மா வேஷத்துக்கு சரண்யா பொன்வண்ணன் தேசிய அளவுல சிறந்த நடிகை விருதை வாங்கினார். துணை இல்லை, சிறந்த நடிகை. 'செம்பி'யில (2022) கோவை சரளாதான் கதையே. மானாமதுரை காந்திமதியும் விருதுநகர் பக்கத்து எஸ்.என்.லட்சுமியும் இந்தக் காலத்துல நடிச்சுக்கிட்டு இருந்தா, ஓ.டி.டி.யில அவங்களுக்காக ஒரு தொடர் எழுதப்பட்டிருக்குமோன்னு அடிக்கடி நினைப்பேன்.

உங்க ஃபிரெண்ட்ஸ் யாராவது நடிக்கணும்னு ஆசைப்பட்டு, 'உன் மூஞ்சிக்கு ஹீரோயினா?'ன்னு வீட்டுலயோ கமென்ட்லயோ கேட்டு வாங்கியிருந்தா, இந்தக் கட்டுரையோட லிங்க்கை அனுப்புங்க. கூடவே மூணு படத்தை இந்த வரிசையில பார்க்கச் சொல்லுங்க. முதல்ல 'தில்லானா மோகனாம்பாள்'. ரெண்டாவது 'சம்சாரம் அது மின்சாரம்'. மூணாவது 'நடிகன்'. அதுல ஒரு சீனை மட்டும் சத்தத்தை மியூட் பண்ணிட்டுப் பார்க்கட்டும். பேபி அம்மா கண்ணாடி முன்னாடி நிக்கிறதோ, சத்யராஜைப் பார்த்துத் தலைகுனியுறதோ, எதுவா இருந்தாலும் சரி. வசனமே கேட்காமலும் சிரிப்பு வரும்.